கோணவாய் அக்கா

7 பிப்ரவரி 1979, புதன்

இந்த டைரி வக்கீல் ஆபீசில் கொடுத்தது. டைப்பிஸ்டுக்கு எதற்கு டைரி என்று ஒரு மாதம் மேஜையிலேயே போட்டுவைத்திருந்தேன். ஸ்கிரிப்டுக்குக் குறிப்பு எடுக்கலாம் என்று இன்றைக்கு வீட்டுக்குக் கொண்டுவந்தேன்.

டெலிவிஷன் நிலையத்திலிருந்து ஒப்பந்தத் தாள் வந்துவிட்டது. நாளை ஒத்திகை, சனிக்கிழமை ஒளிப்பதிவு. போன ஆகஸ்டில் கூப்பிட்டது. நடுவில் யாரோ ஒரு பலகுரல் ஆசாமி வந்து நாய் மாதிரியும் ரயில் மாதிரியும் கத்திவிட்டுப் போனார். நம் கதை முடிந்தது என்று அக்கா தீர்மானமே செய்துவிட்டாள். தாளைப் பார்த்ததும் தெருமுனைப் பிள்ளையாருக்கு ஒரு தேங்காய் உடைத்தாள். சில்லு தெறித்து என் காலில் பட்டது.

நாங்கள்தான் 'பாக்கியம்–வேணி'. தனபாக்கியம் அக்கா, அம்சவேணி நான். 'கதம்பம்' நிகழ்ச்சியில் பாட்டுக்கும் மேஜிக்குக்கும் நடுவில் ஆறு நிமிஷம் வருகிறோம். அக்கா பேசுவாள். மாமியார் ஆவாள், பஸ் கண்டக்டர் ஆவாள், பல் பிடுங்கிக்கொண்ட மாமா ஆவாள். நான் பக்கத்தில் நின்று 'ஆமா', 'இல்ல', 'அப்படியா' என்று மூன்றே வார்த்தை சொல்வேன். சிரிக்க மாட்டேன். ஜனங்கள் அவளைப் பார்த்து ஒரு தடவை சிரித்துவிட்டு, என்னைப் பார்த்து இன்னொரு தடவை சிரிப்பார்கள். எழுதுவதெல்லாம் நான்தான். அது யாருக்கும் தெரியாது. தெரியவேண்டிய அவசியமும் இல்லை.

வீட்டிலும் நான் சிரிப்பதில்லை. காரணம் ஒன்றும் கிடையாது. சிலருக்கு வெண்டைக்காய் பிடிக்காது, அது மாதிரி. சின்ன வயதில் அக்கா என் எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்து கண்ணை உருட்டுவாள், மூக்கைச் சுருக்குவாள். நான் சிரித்தால் என் பங்கு கடலை மிட்டாய் அவளுக்கு. ஒருநாளும் அவளுக்குக் கிடைத்ததில்லை. இப்போது அவளுக்கு முப்பத்தாறு, எனக்கு முப்பத்திரண்டு. இன்னும் விடவில்லை. சாம்பார் ஊற்றும்போதுகூட எதையாவது செய்து பார்க்கிறாள்.

அக்காவுக்கு இடது காதுக்குப் பின்னால் வலி. பஸ்ஸில் ஜன்னலோரக் காற்று. ஜன்னலோரம் எப்போதும் அவளுக்குத்தான்.

8 பிப்ரவரி, வியாழன்

காலையில் அக்கா காபியைப் புடவையில் சிந்திக்கொண்டாள். துடைத்துவிட்டேன். வாய் கொப்பளித்தபோது தண்ணீர் ஓரமாக வழிந்தது. "என்னடி இன்னிக்குக் காபில ருசியே இல்ல?" என்றாள். பால்காரர் தண்ணீர் ஊற்றியிருப்பார் என்றேன்.

ஒத்திகை நன்றாக நடந்தது. வெள்ளைப் புடவை கூடாது, கேமராவில் கண்ணைக் கூசும் என்று மறுபடியும் சொன்னார்கள். இந்த டெலிவிஷனில் மாம்பழ மஞ்சளும் சாம்பல்தான், மயில்கழுத்தும் சாம்பல்தான். எதைக் கட்டினால் என்ன.

மேக்கப் அறையில் கண்ணாடி முன்னால் உட்கார்ந்து அக்கா ஒரு புது முகம் செய்து காட்டினாள். வாய் வலது பக்கமாக இழுத்துக்கொண்டு போனது. இடது பக்கம் அப்படியே நின்றது. பாதி முகம் கல்யாண வீட்டிலும் பாதி முகம் சாவு வீட்டிலும் இருக்கிற மாதிரி. எல்லோரும் சிரித்தார்கள். "அத அப்படியே வெச்சுக்கோ" என்றேன். தயாரிப்பாளர் சேஷகிரி சார் கதவருகே எட்டிப் பார்த்து, "பிரமாதம் பாக்கியம்! இத விட்டுடாதீங்க" என்றார்.

மண்ணெண்ணெய் வாங்கப் போக முடியவில்லை. நாளை.

9 பிப்ரவரி, வெள்ளி

அக்கா இன்னும் அந்த முகத்தோடுதான் இருக்கிறாள். பழகிக்கொள்கிறாள் போலிருக்கிறது.

இடது கண் முழுசாக மூடவில்லை. உப்பை வறுத்துத் துணியில் கட்டி ஒத்தடம் கொடுத்தேன். கீழ் வீட்டு ரங்கநாயகி அம்மா, எங்கள் வீட்டுச் சொந்தக்காரர், குழாயடியில் அக்காவை உற்றுப் பார்த்தார். "ஏம்மா பாக்கியம், வாய் ஒரு மாதிரி போவுதே. டாக்டர்கிட்ட காட்டக் கூடாதா?"

"புது வேஷம்மா. பிராக்டீஸ் பண்றா" என்று நான் சொன்னேன்.

"அடி கள்ளிங்களா!" என்று சிரித்துக்கொண்டே குடத்தைத் தூக்கிக்கொண்டு போனார்.

மண்ணெண்ணெய் ஐந்து லிட்டர் கிடைத்தது.

10 பிப்ரவரி, சனி

ஒளிப்பதிவு முடிந்தது. ஒரே டேக்.

ஸ்டூடியோவில் பார்வையாளர்கள் கிடையாது. இருக்கிற நாலு பேரும் சிரிக்கக் கூடாது, சத்தம் பதிவாகிவிடும். இன்று இரண்டாவது கேமரா ஆடியது. அதைப் பிடித்திருந்தவர் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டார். அக்காவுக்குச் சில வார்த்தைகள் உதட்டில் நிற்காமல் காற்றாக வெளியே போயின. அதுவும் நன்றாகவே இருந்தது. சேஷகிரி சார் இரண்டு கையையும் தூக்கிக் கும்பிட்டார்.

திரும்பி வரும்போது அக்கா ஜன்னலோரம் உட்கார்ந்தாள். கண்ணில் தண்ணீர் வழிந்துகொண்டே வந்தது. ஒரு கண்ணில் மட்டும்.

11 பிப்ரவரி, ஞாயிறு

மிளகு ரசம், அப்பளம். அக்கா ரசத்தை ஸ்பூனால் குடித்தாள், வலது பக்கமாக. அப்பளம் வேண்டாம் என்றாள்.

12 பிப்ரவரி, திங்கள்

ஆபீஸ். மூன்று வாய்தா மனு, ஒரு பாகப்பிரிவினை. லீவு கேட்கவில்லை. நாளை கேட்கலாம்.

13 பிப்ரவரி, செவ்வாய்

பெரியாஸ்பத்திரி. ஏழு மணிக்குப் போய் பதினொன்றரைக்கு டாக்டரைப் பார்த்தோம். வயதில் சின்னவர். அக்காவை நெற்றியைச் சுருக்கச் சொன்னார், கண்ணை மூடச் சொன்னார், பல்லைக் காட்டச் சொன்னார், கன்னத்தை உப்பச் சொன்னார். ஆறு நிமிஷ ஐட்டத்தில் அவள் செய்கிற எல்லாவற்றையும் செய்யச் சொன்னார். பாதி முகம்தான் செய்தது.

முகவாதம். முக நரம்பு வீங்கியிருக்கிறது. ஏன் வருகிறது என்று யாருக்கும் சரியாகத் தெரியாதாம். பெரும்பாலும் சரியாகிவிடுமாம். சிலருக்குக் கொஞ்சம் தங்கிவிடுமாம்.

"எப்ப ஆரம்பிச்சுது?" என்று கேட்டார்.

"சனிக்கிழமை" என்றேன்.

அக்கா என்னைப் பார்த்தாள்.

"ரெண்டு நாளுக்குள்ள வந்திருந்தா மருந்து நல்லா வேலை செய்யும். சரி, மூணு நாள்தானே, பாப்போம்" என்று சீட்டு எழுதினார். பத்து நாள் மாத்திரை, கண்ணுக்குச் சொட்டு மருந்து, தூங்கும்போது இமையைப் பிளாஸ்திரி போட்டு ஒட்ட வேண்டும். வாரம் மூன்று நாள் முகத்துக்குக் கரண்ட் வைக்க வேண்டும். கண்ணாடி முன்னால் உட்கார்ந்து 'ஈ', 'ஊ' சொல்ல வேண்டும். பலூன் ஊத வேண்டும்.

வெளியே வந்து பலூன் வாங்கினோம். ஒரு டஜன். கடைக்காரர், "கொழந்தைக்குப் பொறந்த நாளாம்மா?" என்று கேட்டார். ஆமா என்றேன். அது என் மூன்று வார்த்தைகளில் ஒன்று.

14 பிப்ரவரி, புதன்

அக்கா 'ஊ' சொன்னாள். வரவில்லை.

17 பிப்ரவரி, சனி

ஜாக்கெட் தைக்கக் கொடுத்தவர்கள் வாசலில் வந்து கூப்பிடுகிறார்கள். அக்கா தையல் மிஷினை விட்டு எழுந்திருப்பதே இல்லை. அளவு எடுக்க வேண்டுமென்றால் பழைய ஜாக்கெட்டைக் கொடுத்தனுப்பச் சொல்கிறாள். நான்தான் போய் வாங்கி வருகிறேன். அவள் முந்தானையால் கன்னத்தைப் பொத்திக்கொண்டு, ஊக்கு வைத்த பக்கம், வைக்காத பக்கம் என்று துணியோடு மட்டும் பேசிக்கொண்டிருக்கிறாள்.

ஆஸ்பத்திரிக்குப் போகும்போதும் முந்தானைதான். பஸ்ஸில் இப்போது ஜன்னலோரம் வேண்டாம் என்கிறாள். நானும் உட்காரவில்லை. இரண்டு பேரும் நடு சீட்டில் உட்கார்ந்து போகிறோம்.

கரண்ட் வைக்கும்போது இடது கன்னம் தானாகத் துடிக்கிறது. "எனக்குத் தெரியாம யாரோ என் மூஞ்சிய ஆட்டறாங்கடி" என்றாள். நல்ல வரி. ஸ்கிரிப்டில் வைக்கலாம் என்று தோன்றியது. குறித்துக்கொள்ளவில்லை. இப்போது குறித்துவிட்டேன்.

20 பிப்ரவரி, செவ்வாய்

சர்க்கரை போடவில்லை ரேஷனில். அக்காவுக்குச் சாதம் இடது கன்னத்தில் தங்கிவிடுகிறது. விரலை விட்டு எடுத்துக்கொள்கிறாள். நான் அந்த நேரத்தில் மோர் எடுக்க எழுந்து போகிறேன். தினமும் மோர் எடுக்கிறேன்.

25 பிப்ரவரி, ஞாயிறு

ஒன்றும் இல்லை.

2 மார்ச், வெள்ளி

இன்று ஒளிபரப்பு. ரங்கநாயகி அம்மா வீட்டுக் கூடத்தில்தான் இந்தத் தெருவுக்கே டெலிவிஷன். ஆறரைக்கே பாய் நிறைந்துவிட்டது. ஜன்னல் கம்பியில் ஆட்கள். அக்கா கீழே வரவில்லை. மாடிப்படியில் நாலாவது படியில் உட்கார்ந்துகொண்டாள். அங்கிருந்து பெட்டி தெரியாது, சத்தம் மட்டும் கேட்கும்.

பாட்டு வந்தது. பிறகு நாங்கள். அக்காவின் வாய் இழுத்துக்கொண்டு போன முதல் தடவையே கூடம் அதிர்ந்தது. தயிர்க்காரம்மா விழுந்து விழுந்து சிரித்ததில் புரையேறி, யாரோ தலையில் தட்டினார்கள். பெட்டிக்குள் அக்கா ஒவ்வொரு தடவையும் இன்னும் கொஞ்சம் இழுத்தாள். நான் 'அப்படியா' என்றேன். மறுபடி அதிர்ந்தது.

ரங்கநாயகி அம்மா மட்டும் சிரிக்கவில்லை. இத்தனை நாளாக எங்களைப் பிளாஸ்திரியும் மருந்துச் சீட்டுமாகப் பார்த்தவர். குழாயடியில் நான் சொன்னதும் அவருக்கு ஞாபகம் இருக்கும். முடிந்ததும் என் கையைப் பிடித்து மெதுவாக, "வேணி, கடைசில நீ சிரிச்சிட்ட. நான் பாத்தேன்" என்றார்.

நான் சிரிக்கவில்லை என்றேன்.

"உதடு ஆடிச்சும்மா. இந்தக் கண்ணால பாத்தேன்."

மேலே போகும்போது அக்கா இன்னும் படியிலேயே இருந்தாள். "சத்தம் நல்லா இருந்துதுடி" என்றாள். "அந்தத் தயிர்க்காரம்மா செத்துக்கித்துப் போயிருக்கப் போறா." பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அது நோயினால் வரும் தண்ணீரா, வேறா என்று தெரியவில்லை. கேட்கவும் இல்லை. மரத்துப்போனது அவளுடைய கன்னம், எனக்கு எது என்று தெரியவில்லை.

9 மார்ச், வெள்ளி

நிலையத்துக்கு வந்த கார்டுகளில் பதினேழை சேஷகிரி சார் ஒரு உறையில் போட்டு அனுப்பியிருக்கிறார். முன்பெல்லாம் இரண்டோ மூன்றோதான் வரும். வேலூரிலிருந்து ஒருவர், "கோணவாய் அக்காவை அடிக்கடி காட்டவும். என் சம்சாரம் பிரசவத்துக்கு அப்புறம் இப்போதுதான் சிரித்தாள்" என்று எழுதியிருக்கிறார். செங்கல்பட்டில் ஒரு பள்ளிக்கூடமே அந்த முகத்தைச் செய்கிறதாம், வாத்தியார் புகார் எழுதியிருக்கிறார்.

எல்லாவற்றையும் அக்காவுக்குப் படித்துக் காட்டினேன். வேலூர்க் கார்டை இரண்டாம் தடவை படிக்கச் சொன்னாள்.

12 மார்ச், திங்கள்

ஒப்பந்தத் தாள். ஏப்ரல் ஏழு, சனிக்கிழமை. கூடவே சேஷகிரி சார் கைப்பட ஒரு கடிதம். இனிமேல் மாதம் ஒரு தடவை, நிரந்தரமாக, 'கோணவாய் அக்கா' என்ற பெயரிலேயே நடத்தலாமாம். அந்த முகம் கட்டாயம் இருக்க வேண்டுமாம். "முகம்தான் ஐட்டம்" என்று அடிக்கோடு போட்டிருந்தார். நோயைப் பற்றி அவருக்குத் தெரியாது. நாங்கள் சொல்லவில்லை.

இத்தனை வருஷத்தில் நிரந்தரம் என்ற வார்த்தையை எங்களுக்கு யாரும் எழுதியதில்லை.

அக்கா கடிதத்தைக் கையில் வாங்கிப் பார்த்தாள். "எழுதிப் போடு. ஒத்துக்கறோம்னு எழுது."

"முகம்?"

"அதத்தானே கேக்கறாங்க. இருக்கறப்பவே குடுத்துடலாம்." இதைச் சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தாள். வேடிக்கையாகத்தான் சொன்னாள். நான் தாளில் கையெழுத்துப் போட்டேன். அவளும் போட்டாள். அவள் கையெழுத்து என்னுடையதைவிட எப்போதும் அழகு.

18 மார்ச், ஞாயிறு

'ஈ' கொஞ்சம் வருகிறது. நெற்றி அசைகிறது.

24 மார்ச், சனி

டாக்டர் திருப்தியாக இருக்கிறார். வாய் முக்கால்வாசி நேராகிவிட்டது, கண்தான் பின்தங்குகிறது என்றார். "பலூன விடாம ஊதுங்க. அதுதான் முக்கியம்."

பஸ்ஸில் வரும்போது ஏப்ரல் ஏழுக்கு இன்னும் பதினான்கு நாள் இருக்கிறது என்று விரல் விட்டு எண்ணினேன். பதினான்கு நாளில் முகம் எவ்வளவு நேராகும் என்றும் யோசித்தேன். முழுசாக நேராகாமல் இருந்தால் என்று ஒரு யோசனை வந்தது. இதை எழுதாமல் விட்டிருக்கலாம். ஆனால் வந்தது.

வீட்டுக்கு வந்து இரண்டு ஸ்கிரிப்ட் எழுத உட்கார்ந்தேன். ஒன்று கோண முகத்தோடு, இன்னொன்று நேர் முகத்தோடு. முதலாவது அரை மணியில் முடிந்தது. இரண்டாவதில் ஒரு வரிகூட வேடிக்கையாக வரவில்லை.

28 மார்ச், புதன்

ஆபீசில் ரிப்பன் மாற்றினேன். விரலெல்லாம் மை. வக்கீல் தணிகாசலம் சார், "உங்கக்கா முகத்தை எப்படிம்மா அப்படிக் கோணிக்கறாங்க? எங்க வீட்டுல எல்லாரும் டிரை பண்ணோம், முடியல" என்றார். பயிற்சி சார் என்றேன்.

1 ஏப்ரல், ஞாயிறு

அக்காவின் முகம் நேற்றைவிட நேராக இல்லை. அதற்கு முந்தின நாளைவிடவும் இல்லை. ஒரு வாரமாக நின்ற இடத்திலேயே நிற்கிறது. டாக்டரிடம் கேட்க வேண்டும்.

இதில் எனக்கு நிம்மதியா என்று என்னையே கேட்டேன்.

5 ஏப்ரல், வியாழன்

இன்று எழுத நிறைய இருக்கிறது. கை ஓடவில்லை. நடந்த வரிசையில் எழுதிவிடுகிறேன்.

ஆபீசிலிருந்து வந்ததும் ஊக்கு தேடித் தையல் மிஷின் இழுப்பறையைத் திறந்தேன். பலூன்கள் இருந்தன. பன்னிரண்டில் ஒன்பது அப்படியே, ஊதாமல், பவுடர் வாசனை போகாமல். மூன்று மட்டும் சுருங்கிக் கிடந்தன. தினம் காலையும் மாலையும் ஊதுகிறேன் என்று எனக்கும் டாக்டருக்கும் சொல்லிக்கொண்டிருந்தவள்.

அக்கா ஒரு ஜாக்கெட்டுக்குக் கை வைத்துக்கொண்டிருந்தாள். பலூன்களை மிஷின் பலகையில் போட்டேன்.

"ஏன் ஊதல?"

"மறந்துட்டேன்."

"பத்து நாளாவா?"

சக்கரத்தைக் கையால் நிறுத்தினாள். "ஊதினா சரியாப் போயிடும்."

"சரியாப் போறதுக்குத்தானே ஊதறது."

"சரியாப் போனா நீ மறுபடி உம்முனு ஆயிடுவ."

எனக்குப் புரியவில்லை. நான் எப்போதும் உம்மென்றுதான் இருக்கிறேன், இந்த இரண்டு மாதமும் அப்படித்தான் இருந்தேன் என்றேன்.

"அன்னிக்கு மேக்கப் ரூம்ல" என்றாள் அக்கா. "நான் பௌடர் போட்டுக்கிட்டு கண்ணாடியப் பாத்து, 'வேணி, எனக்கு மூஞ்சி வரலடி'ன்னு சொன்னேன். உண்மையாத்தான் சொன்னேன். பயந்துபோய்ச் சொன்னேன். நீ திரும்பிப் பாத்து சிரிச்ச."

பிப்ரவரி எட்டாம் தேதிப் பக்கத்தைத் திருப்பிப் பார்த்தேன். அக்கா ஒரு புது முகம் செய்து காட்டினாள் என்று எழுதியிருக்கிறேன். எல்லோரும் சிரித்தார்கள் என்று எழுதியிருக்கிறேன். எல்லோரும் என்றால் அந்த அறையில் அப்போது இருந்தது நானும் மேக்கப் போடும் அம்மாவும்தான். அந்த அம்மா எனக்கப்புறம்தான் சிரித்தார். முதலில் சிரித்தது நான். சத்தமாக, நாற்காலியைப் பிடித்துக்கொண்டு.

"பல்லெல்லாம் தெரிஞ்சுதுடி" என்றாள் அக்கா. "உனக்கு இந்தப் பக்கம் ஒரு தெத்துப்பல் இருக்கறதே எனக்கு மறந்துபோச்சு. எத்தன வருஷமாடி முயற்சி பண்றேன்? அப்பா போனப்பறம், அம்மா போனப்பறம், எவ்வளவு குரங்கு வித்த காட்டியிருக்கேன். ஒண்ணுத்துக்கும் சிரிக்காதவ இதுக்குச் சிரிச்சிட்ட. சரி, இதுதான் போலிருக்குன்னு இன்னொரு தடவ செஞ்சேன். ரெக்கார்டிங்லயும் உனக்காகத்தான் இழுத்தேன், கேமராவுக்காக இல்ல. அப்பறம் வீட்டுக்கு வந்தா நீ மறுபடியும் கதவச் சாத்திக்கிட்ட. இன்னொரு தடவ ஸ்டூடியோவுக்குப் போனா, அதே கண்ணாடி, அதே நாற்காலி, சிரிப்பியோன்னு..."

அதோடு நிறுத்திவிட்டாள். நரம்பு செத்துவிட்டால் என்ன செய்வாய் என்று கேட்டேன். தோளைக் குலுக்கினாள்.

அப்போது சொல்லிவிட்டேன். இத்தனை நாள் இந்த டைரியில்கூட நேராக எழுதாததை நின்றுகொண்டே சொன்னேன். "அன்னிக்குக் காலைல நீ காபியச் சிந்தினப்பவே ஏதோ சரியில்லன்னு எனக்குத் தெரியும். தண்ணி வழிஞ்சதையும் பாத்தேன். ஆறு மாசம் கழிச்சு வந்த தேதி, அக்கா. ஆஸ்பத்திரின்னு சொன்னா போயிடும்னு சொல்லல. டாக்டர்கிட்ட சனிக்கிழமைன்னு பொய் சொன்னேன். உண்மையில அஞ்சு நாள். அதுல ரெண்டு நாளாவது உன் மூஞ்சியோட நான் வெளையாடிட்டேன்."

"தெரியும்."

"என்ன தெரியும்?"

"காபியத் தொடச்சது நீதானே. தொடச்சுட்டு என் வாயவே பாத்துக்கிட்டு நின்ன. அப்பறம் பால்காரரத் திட்டின." ஊசியில் நூல் கோக்க ஆரம்பித்தாள். ஒரு கண் சரியாக மூடாததால் நூல் ஊசிக்கண்ணுக்குப் பக்கத்திலேயே போய்க்கொண்டிருந்தது. "நீ தேதிக்காகச் சொல்லல. நான் உனக்காகச் சொல்லல. ரெண்டும் சரியாப் போச்சு, போடி."

சரியாகப் போகவில்லை. அவளுக்குச் சுலபம், அவள் சொன்ன காரணம் நல்ல காரணம். என்னுடையது நல்ல காரணம் இல்லை. எனக்கு வெட்கமாக இருந்தது. இரண்டு மாதமாக இருந்த இடம் தெரியாமல் இருந்த ஏதோ ஒன்று வலிக்க ஆரம்பித்தது. கால் மரத்துப்போய் ரத்தம் ஓடும்போது குத்துமே, அப்படி.

ஊசியை வாங்கி நான் நூல் கோத்துக் கொடுத்தேன். பிறகு ஒரு பலூனை எடுத்து அவள் கையில் வைத்து, எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்தேன்.

"ஊது."

"எதுக்குடி எதிர்ல வந்து உக்கார்ற?"

"நீ ஊதற வரைக்கும் நான் மூஞ்சி செய்யறேன்."

எனக்கு வரவே இல்லை. கண்ணை உருட்டினால் தலையும் சேர்ந்து போகிறது. மூக்கைச் சுருக்கினால் தும்மல் வருகிறது. அக்கா பலூனை வாயில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தாள். "ஐயோ, இவ்வளவு மோசமாவா செய்வ?" என்று பலூனைத் துப்பினாள். பிறகு ஊதினாள். எலுமிச்சம்பழ அளவு வந்தது.

6 ஏப்ரல், வெள்ளி

லீவு கேட்டேன். கிடைத்தது. நாள் முழுக்க ஊதினோம். இரண்டு பலூன் உடைந்தது. கீழேயிருந்து ரங்கநாயகி அம்மா, "என்னடி அங்க வெடிக்குது?" என்று கத்தினார்.

இரண்டு ஸ்கிரிப்டையும் கிழித்துப் போட்டேன்.

7 ஏப்ரல், சனி

பத்து மணிக்கு நிலையம். சேஷகிரி சார் அக்காவைப் பார்த்ததும், "வாங்க கோணவாய் அக்கா!" என்றார். அக்கா சிரித்தாள். அவர் முகம் கொஞ்சம் மாறியது. "அந்த மூஞ்சி வருமில்ல?"

அக்கா என்னைப் பார்த்தாள். நான் அவரைத் தனியாகக் கூப்பிட்டுப் போய் விஷயத்தைச் சொன்னேன். அது நடிப்பு இல்லை, வியாதி. எனக்கு அன்றைக்கே சந்தேகம் இருந்தும் மேடையேற்றிவிட்டேன். இப்போது குணமாகிக்கொண்டிருக்கிறது. இதை அவளாக இனிமேல் செய்ய மாட்டாள், செய்யவும் விடமாட்டேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நானும் அன்னிக்குக் கும்பிட்டேனேம்மா என்றார். பிறகு, நிகழ்ச்சி அட்டவணையில் பெயர் போய்விட்டது, ஆறு நிமிஷத்துக்கு என்ன செய்வது என்றார். அவர் கவலை அவருக்கு.

"மூஞ்சி இருக்கு சார். பாத்துக்கறோம்" என்றேன். அக்காவிடம் நான் எதுவும் சொல்லவில்லை. பஸ் கண்டக்டர் ஐட்டத்தையே செய்யலாம் என்று மட்டும் சொன்னேன்.

விளக்குப் போட்டார்கள். அக்கா கண்டக்டர் ஆனாள். முகம் ஏறக்குறைய நேராகத்தான் இருந்தது, இடது கண் மட்டும் கொஞ்சம் சோம்பல். இரண்டு மாதமாக ஊக்கோடும் துணியோடும் பேசியவள் மாதிரியே இல்லை. படியில் நிற்காதே, உள்ளே போ, உள்ளே போ, உள்ளே இடம் இல்லையா, அப்போ படியில் நில் என்று ஒரு மூச்சில் போனாள். கடைசியில் என் பக்கம் திரும்பி, "ஏம்மா, நீ எங்க எறங்கணும்?" என்று கேட்டாள். நான் 'அப்படியா' என்று சொல்ல வேண்டிய இடம்.

சொல்லவில்லை. வாயை வலது பக்கமாக, எவ்வளவு போகுமோ அவ்வளவு இழுத்தேன். நேற்று முழுக்க எதிரே உட்கார்ந்து பழகியதில் அது ஒன்றுதான் எனக்குச் சுமாராக வந்தது.

அக்காவுக்கு அடுத்த வரி மறந்துபோனது. மேடையும் டெலிவிஷனுமாகப் பத்து வருஷத்தில் இப்படி ஆனதே இல்லை. என்னைப் பார்த்தபடி நின்றாள். பிறகு சிரித்தாள். வலது பாதி உடனே சிரித்தது. இடது பாதி கொஞ்சம் தாமதமாக வந்தது. ஆனால் வந்தது. கண்கூட மூடிக்கொண்டது, இரண்டும். நான் முகத்தை விடாமல் அப்படியே வைத்திருந்தேன், பிறகு என்னாலும் முடியவில்லை. இரண்டு பேரும் வசனமே இல்லாமல் கேமரா முன்னால் நின்று சிரித்துக்கொண்டிருந்தோம். எவ்வளவு நேரம் என்று தெரியாது. யாரும் நிறுத்தச் சொல்லவில்லை.

ஒளிபரப்புவார்களா, இனிமேல் கூப்பிடுவார்களா என்று சேஷகிரி சார் சொல்லவில்லை. "யோசிக்கறேன்மா" என்றார். யோசிக்கட்டும்.

பஸ் ஸ்டாண்ட் எதிரே கடையில் கடலை மிட்டாய் ஒரு துண்டு வாங்கி அக்கா கையில் கொடுத்தேன்.

"இது எதுக்குடி?"

"பிப்ரவரி எட்டாம் தேதிக்கு."

பஸ்ஸில் ஜன்னலோரம் நான் உட்கார்ந்துகொண்டேன். அக்கா முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு, எல்லோரும் பார்க்க, கடலை மிட்டாயை இடது பக்கப் பல்லால் கடித்தாள்.